மணலில் மறையும் மீன்

மன்னார் மாவட்டத்தின் தென்கோடியில், வில்பத்துக் காட்டின் வடக்கெல்லையை ஒட்டி, முள்ளிக்குளம் என்னும் கடலோரச் சிற்றூர் இருக்கிறது. அவ்வூரை நினைக்குந்தோறும் கிழங்கான் மீனும் நம் நினைவுக்கு வருகிறது.

மன்னார் வளைகுடாவின் ஆழங்குறைந்த மணற்றரையே அதன் வீடு. ஒரு சாண் நீளம், வெள்ளி மேனி, கூரிய மூக்கு. மணலைக் கிளறிப் புழுவையும் சிற்றிறாலையும் உண்ணும். 1775-இல் வெளிவந்த போர்ஸ்கால் என்பாரின் நூலிலேயே, செங்கடல் மீன்களிடையே இஃது இடம்பெற்றுவிட்டது. வலை நெருங்கினால் மணலுள் புதைந்துகொள்ளும். வலை கடந்தபின் மெல்ல வெளிவரும். இருந்த இடத்தை விட்டு நீங்காமையே அதன் தற்காப்பு.

அக்கரையில் வலை வீசிய மக்களுக்கோ அவ்வாய்ப்புக் கிட்டவில்லை. போர்க்காலத்தில், 2007 செப்டெம்பரில், ஊரார் அனைவரும் வெளியேற்றப்பட்டனர். 2009-இல் போர் ஓய்ந்த பின்னரும் ஊர் நிலத்தில் கடற்படைத் தளமே நிலைத்தது. 2012-இல் மீண்டவர்கள் அருகிலுள்ள மலங்காட்டில் குடிசையிட்டனர். 2017 மார்ச்சில் நிலம் கேட்டு அறப்போரில் அமர்ந்தனர். ஏப்ரல் 29-இல் 100 ஏக்கரை விடுவிக்கக் கடற்படை இசைந்தது.

எந்த மணலில் எந்த மீன் மேயும் என்பது கரையோடு வாழ்ந்தே அறியும் அறிவு. கரை பறிபோனால் அவ்வறிவும் தேயும். நம் கறிச்சட்டிக்கு வரும் கிழங்கானுக்குப் பின்னே ஒரு கரையும், அதற்கு உரியோரும் இருக்கின்றனர் என்பதை நாம் மறத்தலாகாது.