குப்பை விற்ற கதை

(மூன்றாம் ஆண்டு, இயந்திரவியல் துறை)

மலர்க் குழுவினர் என்னிடம் கேட்டது கவிதை. "காதல், மழை, நட்பு... எதை வேணாலும் எழுதுடா, இருபது வரி போதும்" என்றார்கள். எனக்குக் கவிதை வராது. ஒர்க் ஷாப்பில் அரம் பிடித்தே உள்ளங்கை காய்த்துப் போனவன் நான். எனவே எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன். எனக்குத் தெரிந்தது குப்பை! (சிரிக்காதீர்கள். கடைசி வரை படித்துவிட்டுச் சிரியுங்கள்.)

'ஃபால்அவுட் 4' என்று ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு. 2015-ல் வந்தது. கதை இதுதான். 2077 அக்டோபர் 23-ஆம் தேதி அணுகுண்டுப் போர் வந்து உலகமே எரிந்து போகிறது. நாம் மனைவி, கைக்குழந்தையோடு அமெரிக்காவின் பாஸ்டன் நகருக்குப் பக்கத்தில் ஒரு பாதாள அறைக்குள் ஓடி ஒளிகிறோம். அங்கே நம்மை உறைய வைத்துவிடுகிறார்கள். 210 வருஷம் கழித்து, 2287-ல் வெளியே வந்தால் ஊரே இடிபாடு. மனைவி உயிரோடு இல்லை. பிள்ளையைக் காணோம். பிள்ளையைத் தேட வேண்டும். அதுதான் நம் வேலை.

ஆனால் விளையாடியவர்களைக் கேட்டுப் பாருங்கள். பிள்ளையைத் தேடிய நேரத்தைவிடக் குப்பை பொறுக்கிய நேரம்தான் அதிகம் என்பார்கள். நானும் அப்படித்தான். பெற்ற பிள்ளை எங்கேயோ கிடக்க, நான் இடிந்த ஆபீஸ் ஒன்றில் மேசை மேசையாய்ப் போய் பழைய டைப்ரைட்டரைத் தூக்கிக்கொண்டிருந்தேன்.

அந்த உலகத்தில் பணம் என்பது சோடா பாட்டில் மூடி. நியூக்கா கோலா என்று ஒரு பானம், அதன் மூடி. போருக்கு முந்தைய டாலர் நோட்டுகள் கட்டுக்கட்டாகக் கிடக்கும். பணமாக அவற்றை யாரும் மதிப்பதில்லை. சரக்காக விற்கலாம், அல்லது பிரித்துத் துணியாக்கலாம். இது கற்பனை என்று நினைக்காதீர்கள், அமெரிக்க டாலர் நோட்டு நிஜமாகவே பருத்தியும் லினனும் கலந்து செய்வதுதான்.

எவ்வளவு வேண்டுமானாலும் தூக்க முடியாது. அடிப்படையாக 200, பலத்தின் ஒவ்வொரு புள்ளிக்கும் 10 கூடுதல், இதுதான் சுமை. அதற்கு மேல் ஒரு காபி கோப்பை கூடினாலும் ஓட முடியாது, தள்ளாடித் தள்ளாடி நடக்க வேண்டும். கூட வரும் நாயிடம் கொஞ்சம் ஏற்றலாம். அது பாவம், டாக்மீட் என்று பெயர்.

முதல் வாரம் முழுக்க நான் வெறும் வியாபாரிதான். கிடைத்ததை எல்லாம் பொறுக்கினேன், விற்றேன். டிராஷ்கேன் கார்லா என்று ஒரு பெண் இரட்டைத் தலை மாட்டில் மூட்டை ஏற்றிக்கொண்டு ஊர் ஊராக வருவாள். அவள் தலையில் மேசை மின்விசிறி, டைப்ரைட்டர், பொம்மைக் கார், உலக உருண்டை என்று எல்லாவற்றையும் கட்டினேன். மூடி குவிந்தது. பெரிய ஆள் ஆகிவிட்டோம் என்று ஒரே பெருமை!

பிறகுதான் துப்பாக்கியைச் சீராக்கலாம் என்று பட்டறைக்குப் போனேன். 'திருகு இல்லை' என்று எழுத்து வந்தது. எதைச் செய்யப் போனாலும் திருகு. திருகு எங்கே இருக்கிறது? மின்விசிறியில், டைப்ரைட்டரில், பொம்மைக் காரில், உலக உருண்டையில்... எல்லாம் கார்லாவின் மாட்டு மேல்! திரும்ப வாங்கப் போனால் விற்ற விலைக்குத் தருவாளா? தலை சுற்றியது. லாபம் லாபம் என்று நான் விற்றது முதலை.

இந்தப் புலம்பலைக் கேட்டுத்தான் எங்க அப்பா முதன்முதலாகத் திரையைப் பார்த்தார்.

இங்கே ஒன்று சொல்லியாக வேண்டும். முதலாம் ஆண்டு சேர்க்கைப் படிவத்தில் 'தகப்பனார் தொழில்' என்ற இடத்தில் நான் எழுதியது 'வியாபாரம்'. பொய் இல்லை. ஆனால் முழு உண்மையும் இல்லை. எங்க அப்பா மூணு சக்கர சைக்கிளில் தெருத் தெருவாகப் போய் பழைய இரும்பு, பேப்பர், பிளாஸ்டிக் எடுப்பவர். எங்கள் குடும்பத்தில் பத்தாம் வகுப்பைத் தாண்டியது நான்தான் முதல் ஆள். காலையில் நான் பஸ்ஸுக்கு நிற்கிற ரோட்டில்தான் அவர் வண்டியும் வரும். நண்பர்கள் கூட இருந்தால் நான் பஸ் வருகிற திசையையே பார்த்துக்கொண்டு நிற்பேன். அவரும் மணியடிக்காமல் போய்விடுவார். இரண்டு வருஷம் இப்படி ஓடியது. நாங்கள் இதைப் பற்றி ஒரு வார்த்தை பேசிக்கொண்டதில்லை.

நான் விளையாடிய கம்ப்யூட்டரே அவர் கொண்டு வந்ததுதான். ஒரு ஆபீஸைக் காலி செய்தபோது எடைக்கு எடுத்தது. மூன்று பெட்டியைப் பிரித்து ஒன்றாக்கினேன். கிராபிக்ஸ் கார்டு மட்டும் ஹாஸ்டல் நண்பன் தந்த பழசு. மானிட்டரின் ஓரத்தில் ஒரு கோடு ஓடும். ஆக, குப்பையில் கட்டிய கம்ப்யூட்டரில் உட்கார்ந்து குப்பை பொறுக்கியிருக்கிறேன். அப்போது அது உறைக்கவில்லை.

சரி, கதைக்கு வருகிறேன். அப்பா கயிற்றுக் கட்டிலில் படுத்தபடியே கேட்டார்.

"என்னடா போச்சு போச்சுங்கிற?"

"ஃபேனை வித்துட்டேம்ப்பா. அதுல திருகு இருந்துச்சு."

"திருகுக்கா அழுவுற? ஃபேனைப் பிரிச்சா என்னென்ன வருது, சொல்லு."

சொன்னேன். இரும்பு 2, பற்சக்கரம் 1, திருகு 2.

அப்பா எழுந்து உட்கார்ந்துவிட்டார். "காப்பர் எங்க?"

"இல்லப்பா. அவ்வளவுதான் வரும்."

"காயில் இல்லாம ஃபேன் எப்படிடா சுத்தும்? எவனோ உனக்கு முந்தியே காயிலை உருவிட்டுப் போயிருக்கான்!"

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. ஆனால் யோசித்துப் பாருங்கள், அவர் சொன்னதுதான் சரி. மோட்டார் பற்றி நாம் புத்தகத்தில் படித்தோம், பரீட்சையில் படம் போட்டோம். ஃபேனில் செம்பு இல்லையே என்று எனக்குத் தோன்றவில்லை. எழுதப் படிக்கத் தெரியாத அவருக்கு முதல் கேள்வியே அதுதான்! அப்புறம் அரை மணி நேரம் பாடம் நடந்தது. இப்போது வருகிற மலிவு மோட்டார்களில் அலுமினியக் கம்பியைச் சுற்றி மேலே செம்பு நிறம் தெரிகிற மாதிரி வைத்துவிடுவார்களாம். கத்தியால் லேசாகச் சுரண்டினால் உள்ளே வெள்ளை தெரியும். தூக்கிப் பார்த்தாலே கை சொல்லிவிடும் என்றார். செம்பின் அடர்த்தி அலுமினியத்தைப் போல மூன்று மடங்குக்கும் மேல் என்று நான் மனப்பாடம் செய்தது இதைத்தான்!

அதிலிருந்து தினமும் ராத்திரி சாப்பிட்டதும் அப்பா கட்டிலை இந்தப் பக்கம் திருப்பிப் போட்டுக்கொள்வார். நான் பொறுக்குவேன், அவர் குறை சொல்வார். பென்சிலைப் பிரித்தால் மரமும் ஈயமும் வருகிறது அந்த விளையாட்டில். "பென்சில்ல ஈயமா?" என்றார். இதற்கு நான் பதில் சொன்னேன். நம் டிராயிங் பென்சிலில் இருப்பது கிராஃபைட், ஈயம் துளியும் கிடையாது, ஆங்கிலத்தில் பேச்சுக்கு ஈயம் என்பார்கள், விளையாட்டு செய்தவர் அதையே வைத்துவிட்டார் என்று. அப்பா தலையை ஆட்டினார். அவருக்கு நான் ஒன்றைச் சொல்லி அவர் கேட்டுக்கொண்டது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

குடியிருப்பில் ஆள் வைத்துக் குப்பை பொறுக்கச் செய்யலாம். ஒரு மேடை கட்டி ஒருவரை அங்கே நிறுத்தினால் தினமும் ஏதாவது கொண்டு வந்து போடுவார். "கூலி எவ்வளவு?" என்றார் அப்பா. கூலி கிடையாது. "அப்ப அந்த ஆளு ராத்திரிக்கு எதைத் திங்கும்?" நாம்தான் காய்கறி பயிர் போட வேண்டும் என்றேன். "அப்ப சரி" என்று படுத்துக்கொண்டார்.

தண்ணீர் விஷயம்தான் அவருக்குக் கடைசி வரை செரிக்கவில்லை. ஆற்றில் சுத்திகரிப்பு இயந்திரம் போட்டு, மிஞ்சுகிற தண்ணீரை விற்றால் குப்பையைவிடப் பல மடங்கு லாபம். கெட்டிக்கார ஆட்டக்காரர்கள் அதைத்தான் செய்கிறார்கள். எத்தனை பாட்டில் கொண்டு போய்க் கொட்டினாலும் கடைக்காரர் விலையைக் குறைக்க மாட்டார். அவரிடம் மூடி தீர்ந்து போனால்தான் நிறுத்த வேண்டும், அதற்கும் பதிலாகத் தோட்டாவை வாங்கிக்கொண்டு வந்துவிடலாம். "லாரி லாரியா கொண்டு போனாலும் அதே ரேட்டா? நல்ல ஊர்டா அது!" என்றார்.

ஆனால் ஒரு விஷயத்தை மட்டும் அவர் மறுபேச்சில்லாமல் ஒப்புக்கொண்டார். அந்த விளையாட்டில் 'கரிஸ்மா' என்று ஒன்று உண்டு. ஆள் கவர்ச்சி, பேச்சு சாமர்த்தியம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அது கூடினால் விற்கிற பொருளுக்கு விலை கூடும். பொருள் அதேதான், கடைக்காரரும் அவரேதான். கோட்டு சூட்டு போட்டால் கரிஸ்மா கூடும். ஒரு பீர் குடித்தாலும் கூடும் (அறிவு குறையும்!). இதைச் சொன்னதும் அப்பா சிரிக்கவில்லை. "அது உள்ளதுதான்" என்றார்.

போன செமஸ்டர் லீவில் ஒரு நாள். ஒரு மாதமாகச் சேர்த்த செம்பைப் போடப் பெரிய கடைக்குக் கிளம்பினார். கால் முட்டி வீங்கியிருந்தது. நான் வண்டியை மிதிக்கிறேன் என்று சொன்னேன். காலேஜில் ஒரு பாரம் கொடுத்துவிட்டு வந்த வேகத்தில் கழுத்தில் ஐ.டி. கார்டு தொங்கியது, கழற்ற மறந்துவிட்டேன்.

கடைக்காரர் வழக்கம் போல, "என்னப்பா, இவ்வளவு நாளா ஆளையே காணோம்?" என்றபடி தராசில் ஏற்றினார். 9 கிலோ 400 கிராம் காட்டியது. "ஒம்பது" என்று எழுதினார். "400 கிராம்?" என்று கேட்டுவிட்டேன். சண்டைக்குக் கேட்கவில்லை, லேபில் ரீடிங் எடுத்த பழக்கம். அவர் அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார். கார்டைப் பார்த்தார்.

"தம்பி என்ன படிக்கிறீங்க?"

"டிப்ளமோ. மெக்கானிக்கல்."

"உங்க பையனா?" என்று அப்பாவைக் கேட்டார். அவர் அப்பாவை 'உங்க' என்று சொல்லி நான் கேட்டதில்லை. அப்பாவும் கேட்டிருக்க மாட்டார். பிறகு 400 கிராமைச் சேர்த்தார், கழிவு என்று எதையும் தள்ளவில்லை, கிலோவுக்கு 20 ரூபாய் கூட்டிப் போட்டார். "படிக்கிற பிள்ளை, ஏமாத்த முடியுமா?" என்று சிரித்தார். எல்லாம் சேர்த்து 400 ரூபாய்க்கு மேல் கூடுதலாக வந்தது.

எனக்கு ஒரே குஷி! மிதித்துக்கொண்டே பேசிக்கொண்டு வந்தேன். பின்னால் உட்கார்ந்திருந்த அப்பா ஒன்றும் பேசவில்லை. டீக்கடையில் நிறுத்தச் சொன்னார். இரண்டு டீ, எனக்கு ஒரு வடை. பாதி டீ குடித்த பிறகு, டம்ளரைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"இருபது வருசமா அதே தராசு. அதே காப்பர்."

அவ்வளவுதான் சொன்னார். எனக்கு வடை தொண்டையில் நின்றுகொண்டது. இருபது வருஷத்தில் எத்தனை நானூறு கிராம் என்று கணக்குப் போட்டுப் பார்க்கத் தோன்றியது. போடவில்லை. அதில்தான் எனக்குப் பள்ளிக்கூட ஃபீஸ் வராமல் போயிருக்கும், அதையும் மீறி அவர் கட்டியும் இருக்கிறார். அந்தக் கடைக்காரர் சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டதை, நான் அந்த நிமிஷம் மரியாதை என்றுதான் நினைத்திருந்தேன்.

காலேஜ் திறந்தது. பஸ் ஸ்டாப்பில் நண்பர்களோடு நின்றபோது வண்டி வந்தது. நான் கையைக் காட்டி நிறுத்தி, "எங்க அப்பாடா" என்றேன். ஒருவன் "வணக்கம்ப்பா" என்றான். இன்னொருவன், "அப்பா, எங்க வீட்ல ஒரு பழைய கிரைண்டர் மோட்டார் கிடக்கு, எடுத்துக்கிறீங்களா?" என்று கேட்டான். அப்பா உடனே, "காயில் இருக்கா, உருவிட்டாங்களா?" என்றார். இவ்வளவு எளிதாக முடிகிற ஒன்றுக்காகவா இரண்டு வருஷம் பஸ் வருகிற திசையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்!

அன்று ராத்திரி விளையாட உட்கார்ந்தேன். டயமண்ட் சிட்டி என்று ஒரு ஊர் அதில் உண்டு. பாஸ்டனில் நிஜமாகவே இருக்கிற, 1912-ல் திறந்த ஃபென்வே பார்க் மைதானத்துக்குள் தகரம் அடித்து உருவான ஊர். அங்கே மிர்னா என்று ஒரு கடைக்காரி. வருகிற ஆளை எல்லாம் ரோபோவோ என்று சந்தேகப்படுவாள். வேண்டிய திருகை எடுத்து வைத்துக்கொண்டு மீதிக் குப்பையை அவளிடம் விற்கப் போனேன்.

"நில்லுடா" என்றார் அப்பா கட்டிலிலிருந்து. "அந்தக் கோட்டை மாட்டிக்கிட்டுப் போ."

மாட்டிக்கொண்டு போனேன். மொத்தத்தில் நாலைந்து மூடி கூடுதலாகக் கிடைத்தது. சொன்னேன்.

"அவ்வளவுதானா?" என்று சொல்லிவிட்டு அந்தப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.