இடந்தலைக்கு ஒரு கை

தலைநகரில் வாழும் தமிழ்க் குடும்பங்களில் பாட்டுக் கற்கும் பிள்ளைகள் பலர் உண்டு. வீட்டிலேயே பக்கவாத்தியம் வாய்க்கப் பெற்றோர் சிலரே. அச்சிலருள் ஒருத்தியாக இருந்தாள் என் மகள். என் தந்தையார் தொழில்முறை வித்துவான் அல்லர். ஆயினும் இளமையில் முறையாகக் கற்று, கோயில் பஜனைகளில் நாற்பது ஆண்டுகள் மிருதங்கம் வாசித்தவர். மாலையில் அலுவலகம் விட்டு நான் குடியிருப்பின் படியேறும்போதே பேத்தியின் குரலும் தாத்தாவின் வாசிப்பும் என்னை வரவேற்கும்.

2022-ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில் பக்கவாதம் அவருடைய வலக்கையை முடக்கிவிட்டது. மிருதங்கம் உறைக்குள் புகுந்து பரணேறியது. கையால் தாளம் போட்டுக்கொண்டு பாடிய மகள், சில வாரங்களில் பாட்டையே குறைத்துக்கொண்டாள். "தாத்தா பார்த்துக்கொண்டே சும்மா உட்கார்ந்திருக்கிறார் அப்பா, எனக்குப் பாட வரவில்லை" என்றாள்.

கலைப் பட்டதாரியான ஓர் எழுத்தன் என்ன செய்ய இயலும்? கைப்பேசியில் தாள வாத்திய ஒலிகளை உருவாக்கும் இலவசச் செயலி ஒன்றைப் பதிவிறக்கினேன். அது மேனாட்டு முழவுகளுக்காக ஆக்கப்பட்டது. ஒரு வரிசைக்கு 16 கட்டங்கள். கூட்டவோ குறைக்கவோ வழியில்லை. ஆதி தாளத்துக்கு அது தடையன்று. மகள் பயின்ற கிருதியோ மிச்ர சாபு. எண்ணிக்கை ஒன்றுக்கு இரு கட்டமாக ஏழு எண்ணிக்கைக்கு 14 கட்டங்களே வேண்டும். மீந்த இரண்டை என்ன செய்வது? கணக்குப் பிரிவில் காலந்தள்ளியவனுக்கு விடை கிடைத்தது. 14-ஐ எட்டால் பெருக்கினாலும் 16-ஐ ஏழால் பெருக்கினாலும் 112. ஆகவே ஏழு வரிசைகளைச் சங்கிலியாகக் கோத்து, அவற்றின் எல்லைகளைப் பொருட்படுத்தாமல் எட்டு ஆவர்த்தனங்களை எழுதிவிட்டேன். கண்ட சாபுவுக்கு இதே முறையில் ஐந்து வரிசைகள் போதும்.

தாளம் அமைந்தது, நாதம் அமையவில்லை. சாதாரணத் தோலின் மேலொலிகள் அடிப்படை ஒலியின் முழு மடங்குகளாக இருப்பதில்லை. மிருதங்க வலந்தலையின் கரணை அவற்றை ஏறத்தாழ இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து மடங்குகளாக ஒழுங்குபடுத்துகிறது. அதனாலேயே அது சுருதியோடு இழைகிறது. 1920-இல் இதனை அறிவியல் உலகுக்கு எடுத்துரைத்தவர் சர் சி. வி. ராமன். அவரும் 1907 முதல் பத்தாண்டுகள் அரசின் நிதித்துறையில் பணியாற்றியபடி, அலுவல் நேரம் போக எஞ்சிய பொழுதில் ஆராய்ந்தவர் என்பதில் எங்கள் இனத்தாருக்கு ஒரு பெருமை! செயலியில் மேலொலிகளைச் சேர்க்கும் வசதி இல்லை. எனவே அதிலுள்ள எட்டு ஒலியிடங்களுள் மூன்றை ஒதுக்கி, ஒரு மடங்கு, இரு மடங்கு, மும்மடங்கு எனச் சுருதி வைத்து, ஒரே கட்டத்தில் ஒலிக்கச் செய்தேன். 'தின்' ஓரளவு தின் ஆயிற்று.

என்னைத் தோற்கடித்தது தொப்பியின் கும்கி. உள்ளங்கையின் அடிப்பகுதியால் தோலை அழுத்தி ஒலியை மேலேற்றும் நுட்பம் அது. செயலியிலோ ஒலியின் சுருதி இறங்குமே தவிர ஏறாது. தாழ்ந்த ஒலியையும் உயர்ந்த ஒலியையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தேன். ஊஞ்சல் அசைய வேண்டிய இடத்தில் யாரோ படிக்கட்டு ஏறுவதுபோல் இருந்தது.

ஒரு ஞாயிறு மாலை அதனை இயக்கி மகளைப் பாடச் சொன்னேன். தந்தையார் கண்மூடிக் கேட்டார். "கணக்கு சரி... தொப்பி பேசலை" என்றார், சொற்களைத் தேடித் தேடி. அப்போதுதான் கவனித்தேன்: நாற்காலியின் கைப்பிடிமேல் அவருடைய இடக்கை, கும்கி விழவேண்டிய இடங்களிலெல்லாம் அழுந்தி அழுந்தி எழுந்துகொண்டிருந்தது.

வலந்தலை வலக்கைக்கு, தொப்பி இடக்கைக்கு. இத்தனை நாள் இதனை நான் எண்ணிப் பாராதது எப்படி? அன்றே செயலியின் தொப்பி ஒலிகளை அடக்கிவிட்டேன். மிருதங்கம் பரணிலிருந்து இறங்கிற்று. என் மனைவி ரவையைப் பிசைந்து கொடுக்க, தந்தையார் இடக்கையாலேயே அதைத் தொப்பியில் அப்பி, கூட்டியும் குறைத்தும் சுருதி சேர்த்தார். வலந்தலையைக் கைப்பேசி வாசித்தது. தொப்பியை அவர் வாசித்தார். பல மாதங்களுக்குப் பின் பேத்தி முழுக் கிருதியையும் பாடினாள்.

செயலிக்கு இன்னொரு குறையும் உண்டு. அது யாருக்காகவும் காத்திருக்காது. தந்தையாரின் கை சில வேளை பின்தங்கும். பேத்தியின் பார்வை உடனே தாத்தாவிடம் போகும். அவ்வேளைகளில் வேகத்தைத் தணிக்க என் கட்டைவிரல் திரைமேல் காத்திருக்கும். மிருதங்கம் கற்காத எனக்கும் இப்படியாக அக்கச்சேரியில் ஓரிடம் கிடைத்தது.

வலக்கை இன்னும் மடியிலேயே கிடக்கிறது. அதற்கு நான் மாற்று எதுவும் கண்டுபிடித்துவிடவில்லை. ஆனால் இழந்ததையே கணக்கிட்டுக்கொண்டிருந்த எங்கள் வீட்டில், எஞ்சியிருப்பது எது என்று பார்க்கும் பழக்கம் வந்திருக்கிறது.

அச்செயலியின் புதிய பதிப்பு வந்துள்ளதாகக் கைப்பேசி அடிக்கடி அறிவிக்கிறது. அதில் சுருதி மேலேறும் வசதியும் உண்டாம். நான் இன்னும் அதைப் பதிவிறக்கவில்லை.