சேர்த்தவரும் எரித்தவரும்

சிலிம் ரிவரை அடுத்த தோட்டமொன்றில் நான் கிராணியாக இருக்கிறேன். சில ஆண்டுகளுக்கு முன் ஆபீசை மாற்றியபோது, பழைய அலமாரியிலிருந்து செக்ரோல் புத்தகங்களும் ஒரு தகரப் பெட்டி நிறையப் புகைப்படங்களும் வெளிப்பட்டன. பெரட்டில் நின்ற பெண்கள், காண்டா தூக்கிய ஆடவர், ஆயாக் கொட்டகைக் குழந்தைகள். எவர் பெயரும் எழுதப்படவில்லை. கறையான் அரித்தவை எதற்கென்று அனைத்தையும் எரிக்கச் சொன்னேன். மேலதிகாரி எவரும் கட்டளையிடவில்லை. ஆங்கிலப் பள்ளியில் படித்த என் வாயே அதைச் சொல்லிற்று.

ஏ. கே. செட்டியாரின் வரலாற்றை அறிந்த பிறகே அந்நெருப்பு என்னைச் சுடத் தொடங்கிற்று.

கோட்டையூரில் 1911ஆம் ஆண்டு பிறந்த அவர், ஜப்பானிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் செல்கையில், காந்தியடிகளின் வாழ்க்கையைப் படமாக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது வயது இருபத்தாறுகூட நிறையவில்லை. நடிகரை வைத்துக் கதை பிடிப்பதன்று அவர் நோக்கம். நிகழ்ந்தது நிகழ்ந்தவாறே தெரிய வேண்டும். நடந்து முடிந்த தண்டி யாத்திரையை மறுபடி எங்ஙனம் பிடிப்பது? அன்று பிடித்தவர் எவரோ, அவரைத் தேடிப் போவதே வழி.

அவ்வழியே போனார். ஐரோப்பா, அமெரிக்கா, தென்னாப்பிரிக்கா எனச் சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்து, முப்பதாண்டுகளில் ஏறக்குறைய நூறு படப்பிடிப்பாளர் எடுத்த 50,000 அடிச் சுருளைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடியைத் தெரிந்தெடுத்தார். ஒலிப்படம் நிமிடத்திற்கு 90 அடி ஓடும். ஆகவே இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைந்த காட்சி. 1940 ஆகஸ்டு 23இல் சென்னை ராக்சி தியேட்டரில் தமிழில் அது வெளிவந்தது. 1953இல் அமெரிக்காவில் ஆங்கிலத்திலும் உருவாயிற்று.

விந்தை யாதெனில், சிதறியதைச் சேர்த்தவரின் படமே பின்னர் சிதறிப் போயிற்று. பல்லாண்டு அது எவர் கைக்கும் கிட்டவில்லை. ஆங்கிலச் சுருக்கப் பிரதி ஒன்றை ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அமெரிக்காவில் கண்டறிந்தார். தேடியவரின் படைப்பை மற்றொருவர் தேட நேர்ந்தது.

“மகாத்மாவைப் பலரும் படம் எடுத்தார்கள். பால்மரம் வெட்டிய கிழவியை யார் எடுப்பார்?” என்று நண்பர் ஒருவர் கேட்டார். எடுத்திருந்தார்களே! அதையல்லவா நான் எரித்தேன்! பெரியோர் படத்துக்குப் பல பிரதிகள் உண்டு. ஒன்று அழியின் மற்றொன்று மிஞ்சும். கிழவியின் படமோ ஒன்றே ஒன்று.

பால்மரம் போய்ச் செம்பனை வந்துவிட்டது, லயங்களும் வெறுமையாகின்றன. கலியாணப் பந்தலுக்கும் திருவிழா விளக்குக்கும் நாம் வாரியிறைக்கும் பணத்தில் நூற்றிலொரு பங்கு போதும், தோட்டந்தோறும் எஞ்சிய படங்களைப் பிரதியெடுத்துப் பெயர் எழுதி வைக்க. பெயரில்லாப் படம் பாதிப் படமே.

ஞாயிறுதோறும் நான் கைப்பேசியுடன் வீடு வீடாகச் செல்கிறேன். சென்ற மாதம் ஒரு மூதாட்டி, “கிராணி ஐயா, ஆபீசில் எங்கம்மா படம் ஒன்று இருந்ததே?” என்று கேட்டாள். உண்மையைச் சொன்னேன். நெடுநேரம் பேசாதிருந்தவள், “பேரையாவது எழுதிக்கொள்ளுங்கள்” என்றாள்.

எழுதிக்கொண்டேன். என் நோட்டில் அப்பக்கத்தின் மேற்பாதி வெறுமையாகவே இருக்கிறது.