ஒளியை விழுங்கும் ரோஜா அழகி

ஒளியை விழுங்கும் கறுப்பு உயிர் ஒன்று நம் ஊரிலேயே உண்டென்றால் நம்புவீர்களா? சத்திரம் பேருந்து நிலையத்தில் பஸ் ஏறி, காவிரிப் பாலம் கடந்து, ஸ்ரீரங்கத்தை அடுத்த மேலூருக்குச் சென்றால் போதும். காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே வனத்துறையினர் 2015-ஆம் ஆண்டு திறந்த வண்ணத்துப்பூச்சிப் பூங்கா அங்கே இருக்கிறது. காலை வெயிலில் இறக்கை விரித்து அமர்ந்திருக்கும் ரோஜா அழகியைத் தேடிப் பாருங்கள். கரிய இறக்கை, நடுவே வெள்ளைத் திட்டுகள், சிவந்த உடல்.

நாங்கள் அங்கே போனதற்குக் காரணம் ஒரு நாடகம். ஆண்டு விழாவுக்காக எங்கள் வகுப்பு 'ஒளிவனம்' என்று ஒன்றை எழுதியது. அந்த வனத்தில் மரம் ஒளிரும், காளான் ஒளிரும், குளத்து மீனும் ஒளிரும். எல்லா ஒளியையும் விழுங்க வரும் 'இருளி' மட்டும் கறுப்பு. மின்மினி வேடத்துக்குப் பதினெட்டுக் கைகள் உயர்ந்தன. இருளிக்கு ஒரு கைகூட இல்லை. அப்போது பின் வரிசையிலிருந்து ஒரு குரல், "அவளைப் போடுங்கடி, மேக்கப் செலவு மிச்சம்!" என்றது. சிரிப்பு எழுந்தது. சுட்டிக்காட்டப்பட்ட தோழியும் சிரித்தாள். ஆனால் மதியம் அவள் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவேயில்லை.

நிறத்தைப் பற்றி எங்களுக்குப் புதிதாக யார் சொல்ல வேண்டும்? பயத்தமாவு, குங்குமப்பூ, கடையில் விற்கும் க்ரீம் என்று எங்களில் பாதிப் பேருக்கு வீட்டில் வைத்தியம் நடந்துகொண்டுதான் இருக்கிறது. (பெற்றோர் கோபிக்கக் கூடாது!) அறிவியல் டீச்சர் யாரையும் கண்டிக்கவில்லை. அடுத்த சனிக்கிழமை எங்களைப் பூங்காவுக்கு அழைத்துச் சென்றார்.

அங்கே அவர் சொன்னதை இங்கே எழுதுகிறோம். வண்ணத்துப்பூச்சியின் இறக்கை மேல் ஓடு வேய்ந்தாற்போல் நுண்ணிய செதில்கள் இருக்கின்றன. ரோஜா அழகியின் கறுப்புச் செதிலில் ஒழுங்கற்ற துளைகள். ஒவ்வொன்றும் மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் சிறியது. துளைக்குள் புகுந்த ஒளி நாலாபுறமும் சிதறி, செதிலில் உள்ள மெலனின் என்ற கறுப்பு நிறமியிடம் அகப்பட்டுக்கொள்கிறது. நம் தோலில் இருப்பதும் அதே மெலனின்தான். குளிர்ந்த காலையில் உடல் சூடேறினால்தான் இந்தப் பூச்சியால் பறக்க முடியும். கறுப்பு அதற்கு உதவுகிறது. ஜெர்மனியிலும் கலிபோர்னியாவிலும் உள்ள ஆய்வாளர்கள் இந்தத் துளைகளைப் பார்த்து, அதே மாதிரியில் சூரிய மின்தகட்டுக்கான மெல்லிய சிலிக்கன் படலத்தில் துளையிட்டார்கள். நேரே விழும் ஒளியை அது 90 சதவீதம் அதிகமாகவும், மிகச் சாய்ந்து விழும் ஒளியை 200 சதவீதம் வரை அதிகமாகவும் உறிஞ்சியது. 2017-இல் இது வெளியாயிற்று.

இன்னொரு செய்தி எங்களுக்கு மிகவும் பிடித்தது. ரோஜா அழகியின் புழு ஆடுதின்னாப்பாளை இலையைத் தின்று வளர்வதால் அதன் உடலில் நஞ்சு சேர்கிறது. பறவைகள் அதைத் தொடுவதில்லை. ஆகவே கறிவேப்பிலை அழகி என்ற வேறொரு இனத்தில், பெண் பூச்சிகளில் ஒரு வகை ரோஜா அழகியைப் போலவே வேடம் போட்டுத் திரிகிறது! "அப்போ அதுங்க ஊர்ல கறுப்பாகறதுக்கு க்ரீம் விக்கும் போல" என்றாள் எங்கள் தோழி. அன்று அவள் நிஜமாகவே சிரித்தாள்.

அப்படியானால் ஒளிவனம்? அதுவும் இருக்கிறது, ஆழ்கடலில். கலிபோர்னியா கடலில் படம் பிடித்து எண்ணியபோது, கண்ட உயிர்களில் நான்கில் மூன்று பங்கு தாமே ஒளிவிடும் இனங்கள். அந்த மினுமினுப்புக்கு நடுவே கரிய மீன்களும் வாழ்கின்றன. இத்தகைய 16 இனங்களைப் பற்றி 2020-இல் ஆய்வு வந்தது. தம்மேல் படும் ஒளியில் நூற்றில் அரைப் பங்கைக்கூட அவை திருப்பி அனுப்புவதில்லை. மிகக் கரிய மீனோ 10,000 பங்கில் ஐந்துக்கும் குறைவாகவே திருப்புகிறது. விளக்கடித்துப் புகைப்படம் எடுத்தால் வெறும் நிழலுருவமே விழுமாம். சில மீன்களுக்குக் குடலும் கறுப்பு. விழுங்கிய இரை வயிற்றுக்குள் ஒளிர்ந்து காட்டிக்கொடுக்காமல் இருக்கவே இந்த ஏற்பாடு. ஒளிரும் உலகில் ஒளிந்துகொள்ள வேறு என்ன வழி?

திரும்பி வரும் பஸ்ஸிலேயே நாடகத்தின் மூன்றாம் காட்சி மாறிவிட்டது. இருளியை மாற்றச் சொன்னது எங்கள் தோழிதான். "நான் நடிக்கிறேன், ஆனா வில்லி இல்லை" என்றாள். இப்போது ஒளிவனத்துக்குள் வேட்டை மீன் வருகிறது. ஒளியே சிறு மீன்களைக் காட்டிக்கொடுக்கிறது. அவை ஓடி வந்து இருளியின் போர்வைக்குள் ஒளிகின்றன. பெரிய கடை வீதியில் நான்கு மீட்டர் கறுப்பு வெல்வெட் வாங்கினோம். அதன் மயிர் போன்ற இழைகளுக்குள் ஒளி சிக்கிக்கொள்ளும் என்று டீச்சர் சொன்னது உண்மைதான். டார்ச் அடித்துப் பார்த்தோம். பதினெட்டு மின்மினிகளில் ஆறு பேர் போர்வைக்குள் இடம் கேட்டுச் சண்டை போட்டார்கள்.

விழா அன்று மேக்கப் போட வந்த அக்கா, வரிசையாக எல்லார் முகத்திலும் ரோஸ் பவுடரை அப்பிக்கொண்டே வந்தார். எங்கள் தோழியின் முறை வந்ததும் டப்பியைக் கொஞ்சம் அதிகமாகவே சாய்த்தார்.

"எனக்கு வேண்டாம்க்கா" என்றாள் அவள். "ஒளி திரும்பிப் போயிடும்."