அம்மா கொடுத்த குலப்பெயர்

ஷில்லாங் நகரின் பெரிய சந்தை இயூடூ. நெருக்கியடிக்கும் அதன் சந்துகளில் வெற்றிலை, பாக்கு, கருவாடு என்று எதைக் கேட்டாலும் விலை சொல்வது பெரும்பாலும் ஒரு பெண்தான். காஸி பழங்குடியினரின் ஊரில் இது அதிசயமில்லை. (வாரணாசிக்கும் இவர்களுக்கும் எந்தச் சம்பந்தமும் கிடையாது.) இங்கே பூர்வீக வீடு கடைக்குட்டி மகளுக்குப் போகிறது. அவளைக் கட்டியவர் பெட்டி படுக்கையோடு மாமியார் வீட்டுக்கு வருகிறார். பிள்ளைகளின் பெயருக்குப் பின்னால் நிற்பது அம்மாவின் குலப்பெயர். அப்பாவின் முதல் எழுத்தை இனிஷியலாகப் போட்டுப் பழகிய தமிழர்களுக்குக் கொஞ்சம் தலை சுற்றும்.

காஸி குலப்பெயர்கள் சிலவற்றுக்கு வெளிப்படையான அர்த்தம் உண்டு. லிங்டோ என்றால் பூசாரி. சியெம் என்றால் குறுநில மன்னர். 2001 முதல் 2004 வரை தலைமைத் தேர்தல் கமிஷனராக இருந்து குஜராத், காஷ்மீர் தேர்தல்களை நடத்திய ஜே.எம். லிங்டோவின் பெயரில் இருப்பது அந்தப் பூசாரிதான். ஒரே குலத்துக்குள் கல்யாணம் செய்வது இங்கே மகாபாவம். எனவே முன்பின் தெரியாத இருவர் பழக ஆரம்பிக்கும்போது குலப்பெயரைக் கேட்டுத் தெரிந்துகொள்வது வெறும் மரியாதைக்காக அல்ல.

மாநிலத்தின் மேற்கே, காரோ மலைகளிலும் தாய்வழிதான். அரசியல் செய்தி படிக்கிறவர்கள் இதைக் கவனிக்காமலே தாண்டிப் போயிருப்பார்கள். 2010 முதல் 2018 வரை முதல்வராக இருந்தவர் முகுல் சங்மா. அவர் மனைவி திக்கன்சி டி. ஷிரா. 2018ல் அம்பாதி தொகுதியில் ஜெயித்த மகளின் பெயர் மியானி டி. ஷிரா. அப்பா முதல்வராக இருந்தும் அவர் பெயர் மகளுக்கு வரவில்லை. முன்னாள் மக்களவை சபாநாயகர் பி.ஏ. சங்மா விஷயத்தில் கண் ஏமாந்துவிடும். அவர் மகன் கான்ராடும் சங்மாவாயிற்றே என்று தோன்றும். ஆனால் கான்ராட் கோங்கல் சங்மா என்ற முழுப் பெயரில் அந்தக் 'கோங்கல்' அம்மா வழியில் வந்தது. பூர்ணோ அகிடோக் சங்மாவின் 'அகிடோக்' அவரோடு நின்றுவிட்டது.

முன்னால் வரும் பெயர்களுக்கு எந்தக் கட்டுப்பாடும் இல்லை. வெல்ஷ் மிஷனரி தாமஸ் ஜோன்ஸ் 1841ல் சோரா என்கிற சிரபுஞ்சிக்கு வந்து, காஸி மொழிக்கு ரோமன் எழுத்தைக் கொடுத்தார். ஆங்கிலமும் கூடவே வந்தது. ஓசை பிடித்தால் போதும், எந்தச் சொல்லும் பெயராகலாம். 2013 சட்டமன்றத் தேர்தலில் ஃபிராங்கன்ஸ்டைன் மோமினும் அடால்ஃப் லு ஹிட்லர் மராக்கும் போட்டியிட்டபோது உலகப் பத்திரிகைகள் விழுந்து விழுந்து சிரித்தன. மோமின், மராக் என்ற பின்பாதிதான் காரோ மக்களுக்கு முக்கியம். அதில் யாரும் விளையாடுவதில்லை.

ஷில்லாங்கிலிருந்து இறங்கி கோங்தோங் கிராமத்துக்குப் போனால் பெயர் எழுத்தையே விட்டுவிடுகிறது. துடைப்பப் புல்லும் தேனும் விற்றுப் பிழைக்கும் ஊர். குழந்தை பிறந்ததும் தாய் அதற்கென்று ஒரு மெட்டு அமைக்கிறாள். சொற்கள் கிடையாது, வெறும் ராகம்தான். வீட்டில் கூப்பிட அதில் ஒரு துணுக்கு போதும். காட்டிலும் பள்ளத்தாக்கின் எதிர்ப்பக்கத்திலும் இருப்பவரை அழைக்க முழு மெட்டு. அது அரை நிமிடம்கூட நீளும். காட்டில் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் தீய ஆவிகள் காதில் விழுந்து, ஆளைப் பிடித்துக்கொள்ளும் என்பது நம்பிக்கை. ஆவி இருக்கிறதோ இல்லையோ, மலைச்சரிவில் சொல்லைவிட ராகம் தெளிவாகக் கேட்கும். எல்லோருக்கும் சாதாரணப் பெயரும் உண்டு; பள்ளிக்கும் வாக்காளர் பட்டியலுக்கும் அது. மெட்டு அதற்கு உரியவரோடு முடிந்துவிடும், இன்னொருவருக்குச் சூட்டுவதில்லை. இதற்கு அவர்கள் சொல்லும் பெயர் 'ஜிங்ர்வாய் இயாபே'. குலத்தின் ஆதித்தாயின் பாட்டு என்று பொருள். ராகத்திலும் அம்மாதான்.

ஷில்லாங்கில் இப்போது நடக்கும் சண்டை குலப்பெயர் பற்றியது. மேகாலயாவில் பழங்குடி அல்லாதவர் நிலம் வாங்க 1971 சட்டம் தடை போடுகிறது. மாநில அரசு வேலைகளில் 40 சதவீதம் காஸி, ஜைந்தியா மக்களுக்கும், 40 சதவீதம் காரோக்களுக்கும் ஒதுக்கப்பட்டிருக்கிறது. இரண்டுக்கும் பழங்குடிச் சான்றிதழ் வேண்டும். 2018ல் காஸி மலை தன்னாட்சி மாவட்டக் கவுன்சில் ஒரு மசோதாவை நிறைவேற்றியது. வெளியாளை மணக்கும் காஸிப் பெண்ணும் அவள் பிள்ளைகளும் காஸி என்ற தகுதியை இழப்பார்கள் என்றது அது. காஸி ஆணுக்கு இந்தத் தண்டனை இல்லை. பெண் வழியில் குலம் எண்ணும் சமூகத்தில், பெண்ணுக்கு மட்டும் தண்டனை! நாடெங்கும் விவாதம் கிளம்பியது. 2023 மே மாதம் வந்த அறிவிப்பு வேறு திசையில் பாய்ந்தது. அப்பாவின் குலப்பெயரைச் சூடிக்கொள்பவர்களுக்குச் சான்றிதழ் கிடையாது.

இதில் நேராக அடிபடுவது ஒரு சிறுபான்மை. 1990ல் தொடங்கிய 'சிங்கோங் ரிம்பை திம்மாய்' என்ற ஆண்கள் அமைப்பு, அப்பாவின் பெயரும் சொத்தில் பங்கும் கேட்டு வருகிறது. வீட்டில் தங்களுக்கு விருந்தாளிக்கு மேல் மதிப்பில்லை என்பது அவர்கள் குறை. அந்தக் குறையில் நியாயம் இருக்கிறது. ஆனால் அதற்காகப் பிள்ளைகளின் படிப்பையும் வேலையையும் பணயம் வைக்கச் சொல்வது எந்தப் பக்கத்துக்கும் அழகல்ல.

குலத்தின் தூய்மையைக் காப்பதாகக் கவுன்சில் சொல்கிறது. குலப்பெயர்களோ வேறு கதை சொல்கின்றன. சமவெளிக்காரரைக் காஸிகள் 'ட்கர்' என்பார்கள். காஸி ஆண் சமவெளிப் பெண்ணை மணந்தால், அவள் பிள்ளைகளுக்குக் குலமே இருக்காது. அதனால் 'டாங் ஜைட்' என்ற சடங்கு நடத்தி, அவளையே ஆதித்தாயாக வைத்து ஒரு புதுக் குலத்தைத் தொடங்குவார்கள். அப்படி வந்ததுதான் ட்கர் குலம். கர்கோங்கோர், கர்புலி போல 'கர்' என்று தொடங்கும் பெயர்களும் அப்படி வந்தவையே. சான்றிதழ் வாங்கப் போகும்போது, அந்தப் பாட்டி எந்தச் சமவெளியிலிருந்து வந்தாள் என்று அவர்களை யாரும் கேட்பதில்லை.