சைக்கிளைப் பறிகொடுத்தவர்

சினிமா நட்சத்திரங்களின் சரித்திரம் பெரும்பாலும் ஏழ்மையில் தொடங்கி மாளிகையில் முடியும். அவற்றை வாசித்து நாம் ஆச்சரியப்படுகிறோம். சற்றுப் பொறாமையும் கொள்கிறோம். லாம்பெர்ட்டோ மஜ்ஜோரானி என்னும் இத்தாலிய நடிகரின் சரித்திரமோ ஏழ்மையில் தொடங்கி, ஒரே படத்தினால் உலகப் புகழை எட்டி, மறுபடியும் ஏழ்மைக்கே திரும்பியது. அவர் பெயரை அறிந்தோர் சிலரே. முகத்தை அறிந்தோர் உலகெங்கும் உளர்.

1909-ம் ஆண்டு ரோமாபுரியில் பிறந்த மஜ்ஜோரானி, பிரேடா என்னும் தொழிற்சாலையில் கடைசல் வேலை பார்த்துவந்தார். இரண்டாவது உலக யுத்தத்தில் இத்தாலி சீர்குலைந்து, வேலை கிடைப்பதே அரிதாயிருந்த காலம் அது. டைரக்டர் விட்டோரியோ டி சிகா தமது 'சைக்கிள் திருடர்கள்' என்ற படத்துக்கு ஒரு சிறுவனைத் தேடிக்கொண்டிருந்தார். மஜ்ஜோரானியின் மகனையும் அதற்காகக் காண்பித்தார்கள். டைரக்டரின் கண்ணோ மகனை விட்டுத் தந்தையின்மேல் விழுந்தது. அந்த நடையிலும், உழைத்து உரமேறிய கைகளிலும் அவர் தமது கதாநாயகனைக் கண்டார். பிரபல ஹாலிவுட் நடிகர் கேரி கிராண்டைப் போட்டுக்கொண்டால் பணம் தருவதாக அமெரிக்கத் தயாரிப்பாளர் செல்ஸ்னிக் சொன்னதை நிராகரித்தவர் அவர்.

கதை எளியது. நெடுநாள் வேலையின்றிக் கிடந்த ஒருவனுக்குச் சுவர்களில் விளம்பரம் ஒட்டும் வேலை கிடைக்கிறது. சைக்கிள் இருந்தால்தான் அந்த வேலை. மனைவி படுக்கை விரிப்புகளை அடகு வைத்து, அடகில் இருந்த சைக்கிளை மீட்டுத் தருகிறாள். முதல் நாளே அது களவு போகிறது. மகனுடன் நகரமெல்லாம் தேடி அலுத்த தந்தை, முடிவில் தானே ஒரு சைக்கிளைத் திருடி, மகன் கண்முன்னே பிடிபடுகிறான்.

1948-ல் இப்படம் வெளிவந்தது. 1950-ல் லண்டனில் இதைக் கண்ட சத்தியஜித் ராய், தாமும் இவ்வாறே படமெடுக்க உறுதி பூண்டார். 1952-ல் நம் நாட்டில் நடந்த முதல் சர்வதேசத் திரைப்பட விழாவிலும் இது காட்டப்பட்டது.

நடித்தவரின் கதி என்ன? படம் முடிந்ததும் சினிமாவை மறந்து தொழிற்சாலைக்குத் திரும்பவேண்டும் என்பது டி சிகாவின் நிபந்தனை. மஜ்ஜோரானி அதற்கு இணங்கினார். கிடைத்த 6 லட்சம் லிராவில் வீட்டுக்கு மேஜை நாற்காலி முதலியன வாங்கினார். குடும்பத்தை உல்லாசப் பயணம் அழைத்துச் சென்றார். பின்னர் தொழிற்சாலையில் ஆட்குறைப்பு வந்தபோது, சினிமாவில் பெரும்பொருள் ஈட்டியவரை விலக்குவதே நியாயம் என்று நிர்வாகத்தார் கருதினர். வேலை போயிற்று. கொத்து வேலை முதலிய கிடைத்த வேலைகளைச் செய்து காலம் தள்ளினார். சினிமாவிலோ சின்னஞ்சிறு வேஷங்களே வாய்த்தன. டி சிகாவும் கூட்டத்தில் ஒருவராக அன்றி வேறு வேஷம் தரத் தயங்கினார். 1962-ல் பசோலினி தமது 'மாமா ரோமா' படத்தில் அவருக்கு ஆஸ்பத்திரி நோயாளி வேஷம் அளித்தார். அதில் ஓர் இளைஞன் அவருடைய ரேடியோவைத் திருட முயல்கிறான்! 1983-ல் மஜ்ஜோரானி ரோமாபுரியிலேயே காலமானார்.

இதில் யாரைக் குற்றம் சொல்வது? பயிற்சியில்லாத தொழிலாளி சினிமாவை நம்பிக் கெடலாகாது என்ற டி சிகாவின் எண்ணம் நல்லெண்ணமே. கையில் காசில்லாத மற்றத் தொழிலாளிக்கு வேலை இருக்கட்டும் என்ற நிர்வாகத்தாரின் எண்ணத்திலும் ஒரு நியாயம் உண்டு. ஆயினும் இரண்டு நியாயங்களுக்கும் இடையே ஒரு குடும்பத்தின் ஜீவனோபாயம் போய்விட்டது. அந்தப் படம் காட்டியதும் இதுவன்றோ? அதிலும் கொடியவன் என்று ஒருவன் இல்லை; திருடனும் ஏழையாகவே இருக்கிறான்.

திரையில் அவர் துயரைக் கண்டு கண்ணீர் விட்டவர்கள் எத்தனையோ பேர். வேலை இழந்து நின்றவருக்கு அக்கண்ணீரால் ஒரு நாள் கூலியும் கிட்டவில்லை. உழைப்பாளியின் முகத்தைக் கலைக்காகக் கேட்டு வாங்குகிறவர்கள், அவன் பிழைப்புக்கும் ஒரு வழி செய்தல் வேண்டும். முகத்தை வாங்கிக்கொண்டு மனிதனை மட்டும் வீட்டுக்கு அனுப்பிவிடுவது, எத்தனை உயர்ந்த கலையானாலும், தீராத கடனே என்பது நமது அபிப்பிராயம்.