பாக்கி ஏட்டில் ஒரு பெயர்

ஒவ்வோர் ஆண்டும் மார்ச்சுத் திங்கள் முடிவடையும் வேளையில் பங்குத்தந்தையர்க்கு இரண்டாவது தவக்காலம் ஒன்று தொடங்கிவிடுகிறது. பற்றுச்சீட்டுகள், உண்டியல் எண்ணிக்கைத் தாள்கள், வங்கிக் குறிப்பேடு ஆகியவற்றை மேசைமீது பரப்பி, நிதிக்குழு அன்பர்களோடு இரவு நெடுநேரம் அமர்ந்திருக்கிறோம். வரவு, செலவு, இருப்பு என்னும் மூன்று சொற்களுக்குள் ஓராண்டுக் காலப் பங்கு வாழ்வை அடைத்துவிட முயல்கிறோம்.

இவ்வாண்டு அவ்வாறு அமர்ந்திருந்தபோது, பழைய இரசீதுப் புத்தகம் ஒன்றைத் தேடித் தகரப் பெட்டியைத் திறந்தோம். அடியில் வரி ஏடு ஒன்று கிடந்தது. குடும்பத் தலைவர் பெயர், ஆண்டு வரி, திருவிழா வரி, செலுத்தியது என்னும் பத்திகளுக்குப் பின், கடைசியில் சிவப்பு மையில் 'பாக்கி' என்று ஒரு பத்தி. அந்தச் சிவப்பு எழுத்தைக் கண்டதும் நம் மனம் இந்தப் பங்கை விட்டு, முன்பு நாம் பணியாற்றிய வேறொரு பங்கின் ஏட்டிற்குப் போய்விட்டது. அதைப்பற்றி இதுவரை நாம் எங்கும் எழுதியதில்லை. இன்று எழுதிவிடுவதே நலம் என்று தோன்றுகிறது.

நாம் பிறந்தது கரிசல் காட்டுச் சிற்றூர் ஒன்றில். காணிக்கை என்னும் சொல்லை நாம் மறைக்கல்வி வகுப்பில் கற்கவில்லை, அடுப்படியில் கற்றோம். நம் தாயார் உலையில் அரிசி இடுமுன் ஒரு பிடியை எடுத்து, மூலையில் இருந்த சிறு கலயத்தில் போடுவார். ஞாயிற்றுக்கிழமை அந்தக் கலயம் கோவிலுக்குப் போகும். அரிசி இல்லாத நாளில் ஒரு பிடி கம்பு. கம்பும் இல்லாத நாளில் கலயத்தைத் தொட்டு நெற்றியில் சிலுவை வரைந்துகொள்வார், அவ்வளவுதான். மிளகாய் முதற்பறி எடுத்தால் ஒரு படி பீடத்தடிக்குப் போய்விடும். இது நமக்கு மட்டும் உரிய வழக்கமன்று. மிசோரம் மாநிலத்துப் பிரெஸ்பிட்டேரியன் சபையினர், ஒவ்வொரு வேளை சமைக்கும்போதும் ஒரு பிடி அரிசியை ஒதுக்கி, அதனைத் திரட்டி விற்று, 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து தம் நற்செய்திப் பணியாளர்களைத் தாங்கி வருகின்றனர். ஏழை வீட்டு அடுப்படி ஒரு திருச்சபையையே சுமக்க வல்லது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

குருப்பட்டம் பெற்றபின் முதலில் கடற்கரைப் பங்கு ஒன்றில் உதவிக் குருவாக இருந்தோம். கரைக்கு வரும் மீன்பாட்டில் ஒரு பங்கைக் கோவிலுக்கென எடுப்பது குமரிக் கடற்கரை ஊர்களில் நெடுங்காலம் நிலவிய வழக்கம். அதனை வசூலிக்கும் உரிமையை ஏலத்தில் விடுவார்கள். எடுத்தவர் கரையில் நின்று பங்கு பிரிப்பார். 'குத்தகை' என்பது அதன் பெயர். அதனால் எழுந்த பூசல்களும் வழக்குகளும் பல. கோவில் தம் உழைப்பை உறிஞ்சுகிறது என்று இளைஞர்கள் குமுறியதும் உண்டு. அவற்றை நாம் மறைக்கவில்லை. ஆயினும் அந்த முறையில் ஒரு நீதி இருந்தது. பாடு இல்லாத நாளில் பங்கும் இல்லை. வெறும் வலையோடு கரையேறியவனிடம் யாரும் கை நீட்டுவதில்லை.

உள்நாட்டுப் பங்குகளில் வழங்கிய தலைக்கட்டு வரியோ வேறு வகை. குடும்பத்திற்கு இவ்வளவு என்று ஊர்க்கூட்டத்தில் உறுதி செய்வார்கள். நிலமுடையவனுக்கும் கூலிக்காரனுக்கும் ஒரே தொகை. இதனை எளிதாகப் பழித்துவிட முடியாது. கோவில் எழுந்ததும், உபதேசியாரும் கோவில்பிள்ளையும் ஊதியம் பெற்றதும் இந்த வரியால்தான். சமமாகக் கொடுத்தவன் ஊர்க்கூட்டத்தில் சமமாகப் பேசினான். திருமறையிலும் இதற்கு முன்மாதிரி உண்டு. விடுதலைப் பயண நூலின் 30-ஆம் அதிகாரம், தூயகத்திற்கென ஒவ்வொருவரும் அரைச் செக்கேல் செலுத்தவும், செல்வர் அதில் கூட்டாமலும் ஏழை குறைக்காமலும் இருக்கவும் பணிக்கிறது.

1999-ஆம் ஆண்டு நாம் முதன்முதலாகத் தனிப்பொறுப்பேற்ற பங்கில் இந்த வரிமுறையே நடைமுறையில் இருந்தது. நாம் சென்ற நான்காம் மாதம், முதியவர் ஒருவர் இறந்துபோனார். கூலிவேலை செய்தவர்; இரண்டாண்டுகளாகப் படுக்கையில் கிடந்தவர். அவருடைய மகன் விடியற்காலையில் வந்து நம் அறைக்கதவைத் தட்டினார். துக்க மணி அடிக்கவேண்டும். தூம்பாவை வெளியே எடுக்கவேண்டும். கோவில்பிள்ளையை அழைத்தோம். அவர் தயங்கியபடி ஊர்ப் பெரியவர்களை அழைத்து வந்தார். அவர்களோடு ஏடும் வந்தது.

அந்த வீட்டின் பெயருக்கு நேரே மூன்றாண்டு பாக்கி. திருவிழா வரியையும் சேர்த்து 450 ரூபாய்.

"ஒருத்தருக்கு விட்டா ஊருக்கே விடணும் சாமி" என்றார் பெரியவர் ஒருவர். அவர் கொடியவர் அல்லர். நாள் தவறாமல் திருப்பலிக்கு வருபவர். கட்டுப்பாடு குலைந்தால் கோவில் குலைந்துவிடும் என்று மெய்யாகவே நம்பியவர். மகன் நம் முகத்தைப் பார்த்தார். நாம் ஏட்டைப் பார்த்தோம்.

அவர் ஒன்றும் பேசாமல் திரும்பிப் போனார். ஒன்றரை மணி நேரம் கழித்து வந்தார். மனைவியின் காதுத் தோட்டை அடகு வைத்துவிட்டு வந்திருந்தார் என்பதை மறுநாள்தான் அறிந்தோம். பணம் எண்ணப்பட்டது. இரசீது எழுதப்பட்டது. அதன்பின் மணி ஒலித்தது. மாலையில் நாம் கருநீல மேலாடை அணிந்து, இறந்தவர்க்கான செபங்களைக் கணீரென்று சொல்லி, அடக்கத்தை நிறைவேற்றினோம்.

அந்த ஒன்றரை மணி நேரம் நாம் என்ன செய்துகொண்டிருந்தோம்? கட்டளை செபம் சொல்லிக்கொண்டிருந்தோம். சட்டம் அறியாமலும் இல்லை. 1983-ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டத் தொகுப்பில் 1181-ஆம் எண், அடக்கச் சடங்கில் ஆள் பார்த்து வேறுபாடு காட்டலாகாது என்றும், ஏழைகட்கு உரிய அடக்கம் மறுக்கப்படலாகாது என்றும் விதிக்கிறது. குருமடத் தேர்வில் அதனை எழுதி மதிப்பெண்ணும் பெற்றிருந்தோம். நம் சட்டைப் பையில் அன்று 450 ரூபாய்க்கு மேல் இருந்தது. ஊராரைப் பகைத்துக்கொள்ள அஞ்சினோம். உண்மை அதுவே.

பின்னாளில் இதனை எண்ணி எண்ணி மறைநூலைப் புரட்டியபோது, அரைச் செக்கேல் விதிக்கு அருகிலேயே வேறொரு விதி இருப்பதைக் கண்டோம். லேவியர் நூலின் 5-ஆம் அதிகாரம் பாவம் போக்கும் பலியைப் பற்றிப் பேசுகிறது. ஆடு கொண்டுவர வசதியில்லாதவர் இரு புறாக்களைக் கொண்டு வரலாம். அதற்கும் வழியில்லாதவர் சிறிது மாவு கொண்டு வரலாம். அதே நூலின் 12-ஆம் அதிகாரம் குழந்தை பெற்ற தாய்க்கும் ஏழை எளியோர்க்கான சலுகையை அளிக்கிறது. அந்தச் சலுகையைப் பயன்படுத்திக்கொண்ட தாய் ஒருத்தியை நாம் நன்கு அறிவோம். எருசலேம் கோவிலுக்குக் குழந்தை இயேசுவை ஏந்தி வந்த அன்னை மரியா, ஆட்டுக்குட்டியின்றிப் பறவைகளையே காணிக்கையாக்கினார் என்று லூக்கா எழுதுகிறார். திருக்குடும்பம் கோவிலில் செலுத்தியது ஏழைகளுக்கென்று குறைக்கப்பட்ட தொகை. நம் பங்கின் ஏட்டில் அவர்கள் பெயர் இருந்திருந்தால், அதன் எதிரே என்ன எழுதியிருப்போம்?

தொடக்கத் திருச்சபையின் கணக்கையும் சற்றே நோக்கலாம். ஏறத்தாழ 155-ஆம் ஆண்டில் மறைச்சாட்சி புனித ஜஸ்டின் எழுதிய விளக்கவுரையில் ஞாயிறு வழிபாட்டின் காணிக்கை இடம்பெறுகிறது. வசதியுள்ளோர் தாம் விரும்பியதைத் தருவர். அது தலைவரிடம் ஒப்படைக்கப்படும். அநாதைகள், கைம்பெண்கள், நோயாளர், சிறையிலிருப்போர், வழிப்போக்கர் ஆகியோர்க்கு அவர் அதிலிருந்து உதவுவார். 2-ஆம் நூற்றாண்டின் இறுதியில் தெர்த்தூலியனும் இதுபோன்றே எழுதுகிறார்; ஏழைகளை அடக்கம் செய்வதும் அந்தப் பணத்தின் பயன்களில் ஒன்று என்கிறார். இதைப் படித்த இரவில் நாம் உறங்கவில்லை. அவர்கள் காணிக்கை எடுத்து ஏழையை அடக்கம் செய்தார்கள். நாம் ஏழையை அடக்கம் செய்யக் காணிக்கை எடுத்தோம்.

கட்டாயம் எவ்வாறு வந்து புகுந்தது என்பதும் வரலாற்றில் உள்ளது. 585-இல் பிரான்சு நாட்டு மாக்கோன் நகரில் கூடிய சங்கம், பத்தில் ஒரு பங்கு கொடாதோரைத் திருச்சபையினின்று விலக்கவும் துணிந்தது. 779-இல் மன்னர் சார்லமேன் அதனை அரச ஆணையாக்கினார். ஆயிரம் ஆண்டுகள் மக்கள் செலுத்தினர். 1789-இல் புரட்சி வெடித்தபோது முதலில் ஒழிக்கப்பட்டவற்றுள் அந்தப் பத்திலொரு பங்கும் ஒன்று.

ஆனால் அதே பிரான்சில், லியோன் நகரில், 1822-இல் வேறொன்று நிகழ்ந்தது. பவுலின் ஜாரிக்கோ என்னும் இளம்பெண் பட்டாலைத் தொழிலாளரைப் பத்துப் பத்துப் பேராகச் சேர்த்து, வாரம் ஒரு செப்புக்காசும் நாள்தோறும் ஒரு செபமும் கேட்டார். அந்தச் சிறுகாசுகளே நற்செய்தி அறிவிப்புப் பணிக்கான பாப்பிறைச் சபையாக வளர்ந்து, உலகெங்கும் மறைபரப்புப் பணித்தளங்களைத் தாங்கின. 2022-இல் அவர் அருளாளராக உயர்த்தப்பட்டார். முன்பின் அறியாத மக்களுக்காக எவரோ ஒரு கூலிக்காரி போட்ட காசின் பயனை நாமும் உண்டவர்களே.

இன்றைய போக்கு யாது? தலைக்கட்டு வரி பல இடங்களில் தளர்ந்துவிட்டது. அதன் இடத்தில் நன்கொடை வந்துள்ளது. நன்கொடையோடு கல்வெட்டும் வந்துள்ளது. கோபுரத்திற்கும் கொடிமரத்திற்கும் வெளிநாட்டில் பணிபுரியும் மைந்தர் இலட்சங்களை அனுப்புகின்றனர். உபதேசியாரின் ஊதியத்தை உயர்த்தக் கேட்டால் தொலைபேசி மௌனமாகிறது. ஊதியத்தின் மேல் பெயர் பொறிக்க இயலாதல்லவா! நேர்ச்சைக்காகத் திருத்தலம் செல்வோர் அங்கே தாராளமாகக் கொடுத்துவிட்டு, சொந்தப் பங்கின் காணிக்கைப் பைக்குள் சில்லறையைத் தேடுகின்றனர். 2020 மார்ச்சில் ஊரடங்கால் ஆலயங்கள் அடைபட்டபோது ஞாயிறு காணிக்கை முற்றிலும் நின்றுபோயிற்று. அதன்பின் கியூ.ஆர். அட்டை காணிக்கைப் பெட்டியின்மீது ஏறி அமர்ந்துகொண்டது. வலக்கை தருவதை இடக்கை அறியாதிருக்கலாம். இனி வங்கி அறியும்! அதே ஆண்டில் அயல்நாட்டு நிதிச் சட்டம் திருத்தப்பட்டு, ஓர் அமைப்பு பெற்ற நிதியை மற்றோர் அமைப்பிற்கு வழங்குவது தடுக்கப்பட்டது. நம் கால்களில் நாமே நிற்கவேண்டிய காலம் இது.

அமெரிக்கக் குருவும் சமூகவியலாளருமான ஆண்ட்ரூ கிரீலி, ஆயர் வில்லியம் மக்மானசோடு இணைந்து 1987-இல் ஓர் ஆய்வு வெளியிட்டார். 1960-களின் தொடக்கத்தில் அந்நாட்டுக் கத்தோலிக்கர் தம் வருமானத்தில் 2 விழுக்காட்டிற்குச் சற்று மேலாகக் கோவிலுக்குத் தந்தனர். 1980-களின் நடுவில் அது பாதியாகிவிட்டது. அவர்கள் வருமானம் குறைந்துவிடவில்லை. தலைமையோடு கொண்ட உறவு தளர்ந்ததே காரணம் என்பது கிரீலியின் முடிவு. கை சுருங்குமுன் மனம் சுருங்குகிறது என்பது இங்கும் பொருந்தும்.

ஆகவே அண்மைக் காலமாக, நாம் பொறுப்பேற்கும் பங்குகளில் கணக்கை ஆண்டுக்கு இருமுறை பலகையில் எழுதி வைக்கிறோம். மக்கள் தந்ததற்கு மக்களிடமே கணக்குக் கூறவேண்டும் என்பது 1287-ஆம் எண் சட்டம். அதில் நமக்குச் சிறிது பெருமையும் இருந்தது. மூன்றாண்டுகளுக்கு முன், தாய்மார் சங்கத்து மூதாட்டி ஒருவர் பலகையின் முன் நெடுநேரம் நின்றுவிட்டு நம்மிடம் வந்தார்.

"எல்லாம் தெளிவா எழுதியிருக்கீங்க சாமி. ஏழை எளியவங்களுக்குன்னு போட்டிருக்கே, அது வருசத்துக்கா, மாசத்துக்கா?"

ஆண்டுக்கு என்றோம். அவர் தலையசைத்துவிட்டுப் போய்விட்டார். ஒலிபெருக்கிச் செலவு அதனினும் ஐந்து மடங்கு இருந்தது. அவ்வாண்டு முதல் வரவில் பத்தில் ஒரு பங்கை எடுத்து வைத்தபின்னரே மற்றச் செலவுகளைத் திட்டமிடுகிறோம். வரி தர இயலாத வீட்டின் எதிரே பாக்கி என்று எழுதுவதில்லை. அன்பியத்தார் அந்த வீட்டைச் சென்று பார்க்கின்றனர். கோபுரத்திற்கு இன்னும் வண்ணம் பூசவில்லை. அதற்காகச் சிலர் நம்மீது வருத்தம் கொண்டுள்ளனர்.

இறுதியாக ஒன்று. பல ஆண்டுகள் கழித்து, அந்தப் பழைய பங்கின் திருவிழாவிற்குச் சென்றிருந்தோம். கூட்டத்தில் அந்த மகனைக் கண்டோம். தலை நரைத்திருந்தது. தனியே அழைத்து, அன்று நாம் பேசாமல் நின்றதற்கு மன்னிப்புக் கேட்டோம். அவர் பதறிப்போனார்.

"அதெல்லாம் எதுக்கு சாமி? நீங்க அப்பப் புதுசு" என்றார். சற்று நேரம் கழித்து, "அதுக்கப்புறம் நான் ஒரு வருசங்கூடப் பாக்கி வச்சதில்ல சாமி. அப்பாவுக்கு நடந்தது அம்மாவுக்கு நடந்திடக் கூடாதுல்ல" என்றார்.

அந்தப் பங்கின் ஏட்டில் அவர் பெயருக்கு எதிரே இத்தனை ஆண்டுகளும் பாக்கி இல்லை என்றே இருந்திருக்கும். கணக்குப் பார்ப்பவர் எவரும் அதில் குறை காணமாட்டார். மனவருத்தத்தோடோ கட்டாயத்தாலோ கொடுக்கலாகாது என்று பவுலடியார் கொரிந்தியர்க்கு எழுதியதை நாம் எத்தனையோ ஞாயிறு வாசித்திருக்கிறோம். ஏட்டில் நேர்த்தியாக இருக்கும் ஒரு தொகை அன்பால் வந்ததா, அச்சத்தால் வந்ததா என்பதைக் காட்டும் பத்தியை எந்தக் கணக்கரும் இன்னும் வரையவில்லை.

பாக்கி அந்த வீட்டினுடையது அன்று, நம்முடையது. இன்னும் செலுத்திக்கொண்டிருக்கிறோம்.